திருத்திய பிழை திரும்பி வந்தபோது: வில்லியம்ஸ் எதிர் ஃபர்ஸ்ட் அட்வான்டேஜ்

2012இல் ஃபுளோரிடா மாநிலத்தில் வில்லியம்ஸ் என்பவர் ரென்ட்-ஏ-சென்டர் நிறுவனத்தில் வேலைக்கு விண்ணப்பித்தார். டிவி, சோபா, வாஷிங் மெஷின் போன்ற வீட்டுச் சாமான்களை வாடகைக்கு விடும் கடைத் தொடர் அது. அமெரிக்காவில் பெரும்பாலான நிறுவனங்கள் செய்வதுபோல, ஆளை எடுக்கும் முன் பின்னணியைச் சரிபார்க்கும் வேலையை அவர்கள் வெளியே கொடுத்திருந்தார்கள். அதைச் செய்த நிறுவனம் ஃபர்ஸ்ட் அட்வான்டேஜ். அறிக்கை வந்தது. கொக்கெய்ன் விற்ற குற்றம் அவர் மீது பதிவாகியிருப்பதாக அதில் இருந்தது.

அந்தப் பதிவு அவருடையது இல்லை. ஃபுளோரிடாவின் பாம் பீச் கவுண்டியில் (கவுண்டி என்பது நம் ஊர் மாவட்டம் மாதிரி) இன்னொரு வில்லியம்ஸ் இருந்தார். முதல் பெயர் அதேதான் என்றுகூடச் சொல்ல முடியாது. நம்மவரின் முதல் பெயரைச் செல்லமாகச் சுருக்கினால் வரும் பெயர் அவருக்கு. ஆனால் இருவரும் பிறந்த தேதி ஒன்று. பெயர் ஏறத்தாழப் பொருந்துகிறது, பிறந்த தேதி பொருந்துகிறது, ஆக ஆளும் இவர்தான் என்று முடிவெடுத்து அறிக்கையை அனுப்பிவிட்டார்கள். வில்லியம்ஸ் புகார் செய்தார், அறிக்கை திருத்தப்பட்டது. வேலை மட்டும் கிடைக்கவில்லை.

இதோடு முடிந்திருந்தால் அமெரிக்காவில் அடிக்கடி நடக்கும் பெயர்க் குழப்பங்களில் இதுவும் ஒன்றாகப் போயிருக்கும். அடுத்த ஆண்டு அவர் வின்-டிக்ஸி என்ற மளிகைக் கடைத் தொடரில் வேலைக்கு முயன்றார். அங்கேயும் சரிபார்ப்பு அதே ஃபர்ஸ்ட் அட்வான்டேஜ். இம்முறை அறிக்கையில் வந்தவை வீடு புகுந்து திருடிய குற்றமும் கர்ப்பிணிப் பெண்ணைக் கடுமையாகத் தாக்கிய குற்றமும். இரண்டும் அதே பாம் பீச் ஆளுடையவை. அவரும் இவரும் வேறு வேறு ஆட்கள் என்று ஒரு வருடத்துக்கு முன்னால் தானே ஒப்புக்கொண்டு திருத்திய நிறுவனம், மறுபடியும் அவரையே இவர் தலையில் கட்டியது.

வில்லியம்ஸ் ஃபர்ஸ்ட் அட்வான்டேஜ்மீது வழக்குப் போட்டார். 2020 ஜனவரியில் பதினோராவது வட்டார மேல்முறையீட்டு நீதிமன்றம், அதாவது ஃபுளோரிடாவுக்கு உச்ச நீதிமன்றத்துக்கு அடுத்த படியில் உள்ள கூட்டாட்சி நீதிமன்றம், இந்த வழக்கில் தீர்ப்புச் சொன்னது. பின்னணிச் சரிபார்ப்பில் பிழை நேரும்போது ஒரு சாதாரண ஆளுக்கு என்ன உரிமை இருக்கிறது, அந்த உரிமை எந்த இடத்தில் வேலை செய்கிறது, எந்த இடத்தில் கைவிடுகிறது என்பதை இவ்வளவு துல்லியமாகக் காட்டும் வழக்கு வேறு இல்லை என்று நினைக்கிறேன். நான் முக்கியமாகச் சொல்ல வருவது இதுதான்: தவறான அறிக்கையைத் திருத்தச் சொல்லும் உரிமை நல்ல உரிமை, ஆனால் அது வேலை போன பிறகு வரும் உரிமை. உண்மையான பாதுகாப்பு, அறிக்கை எழுதப்படும் அந்த நேரத்தில் நிறுவனம் காட்ட வேண்டிய கவனத்தில் இருக்கிறது. வில்லியம்ஸ் வென்றது அந்த இடத்தில்தான்.

சட்டம் 1970ஐச் சேர்ந்தது. ஃபேர் கிரெடிட் ரிப்போர்ட்டிங் ஆக்ட், சுருக்கமாக எஃப்சிஆர்ஏ. பெயரில் கடன் என்று இருப்பதால் வங்கிக் கடனுக்கு மட்டும்தான் பொருந்தும் என்று பலர் நினைத்துக்கொள்கிறார்கள். அப்படியில்லை. ஒருவரின் குணம், நடத்தை, வாழ்க்கை முறை பற்றிய தகவலைத் திரட்டி, வேலைக்கு எடுப்பதா வேண்டாமா என்று முடிவெடுக்க மூன்றாம் நபரிடம் கொடுத்தால் அதுவும் இந்தச் சட்டத்தின்கீழ் நுகர்வோர் அறிக்கை. அறிக்கைக்குப் பணம் கட்டுவது முதலாளி. ஆனால் சட்டத்தின் கண்ணில் நுகர்வோர் என்பவர் யாரைப் பற்றி அறிக்கை எழுதப்படுகிறதோ அவர்தான். குடியுரிமை கேட்காத சட்டம் இது. எச்-1பி விசாவில் இருப்பவரும், கிரீன் கார்டுக்குக் காத்திருப்பவரும் இதே உரிமைகளோடுதான் இருக்கிறார்கள்.

இந்தச் சட்டத்தின் 607(பி) பிரிவு ஒரே ஒரு வாக்கியம். அறிக்கை தயாரிக்கும் நிறுவனம், முடிந்த அளவு உச்சபட்சத் துல்லியத்தை உறுதிசெய்யும் நியாயமான நடைமுறைகளைப் பின்பற்ற வேண்டும் என்கிறது. பிழையே வரக்கூடாது என்று அது சொல்லவில்லை. நியாயமாகக் கவனமாக இருந்தும் பிழை வந்தால் நிறுவனம் தப்பிவிடும். ஆகவே இந்த மாதிரி வழக்குகளில் பிழை இருந்ததா என்பதைவிட, அந்தப் பிழை எப்படி நுழைந்தது என்பதே கேள்வி.

எப்படி நுழைந்தது என்று பார்க்க, சரிபார்ப்பு மேசையின் பக்கம் கொஞ்சம் போக வேண்டும். விண்ணப்பதாரர் தன் பெயர், பிறந்த தேதி, முகவரிகள், சோஷியல் செக்யூரிட்டி எண் (அமெரிக்க அரசு ஒவ்வொருவருக்கும் தரும் தனி அடையாள எண்) எல்லாம் கொடுத்திருப்பார். அந்த எண்ணை வைத்து அவர் முன்பு எந்தெந்த ஊரில் இருந்தார் என்று ஒரு பட்டியல் எடுப்பார்கள். இதுவரை சரி. சிக்கல் எதிர்ப்பக்கத்தில். அமெரிக்காவில் குற்ற வழக்குப் பதிவுகள் 3,000க்கும் மேற்பட்ட கவுண்டிகளில் சிதறிக் கிடக்கின்றன. பொதுமக்கள் பார்க்கக் கிடைக்கும் நீதிமன்றப் பதிவில் சோஷியல் செக்யூரிட்டி எண் பெரும்பாலும் இருக்காது. பெயர் இருக்கும், பல இடங்களில் பிறந்த தேதி இருக்கும், சில இடங்களில் முகவரி இருக்கும். அதாவது இந்தப் பக்கம் ஒன்பது இலக்கத் தனி எண் கையில் இருந்தும், அந்தப் பக்கம் அதைப் பொருத்திப் பார்க்க எதுவும் இல்லை. பெயரையும் தேதியையும் வைத்து ஊகிக்க வேண்டியதுதான்.

அந்த ஊகம் எவ்வளவு பலவீனமானது என்று ஒரு சின்னக் கணக்குப் போட்டுப் பார்க்கலாம். 2010 மக்கள்தொகைக் கணக்கெடுப்பின்படி அமெரிக்காவில் மூன்றாவது பரவலான குடும்பப் பெயர் வில்லியம்ஸ். ஏறத்தாழ 16 லட்சம் பேர். பாதி ஆண்கள் என்று வைத்தால் 8 லட்சம். கைக்குழந்தை முதல் 80 வயதுவரை உள்ள பிறந்த தேதிகள் மொத்தம் 29,000 சொச்சம். வகுத்துப் பார்த்தால், நாட்காட்டியில் எந்தத் தேதியைத் தொட்டாலும் அன்று பிறந்த வில்லியம்ஸ் ஆண்கள் சராசரியாக 27 பேர். முதல் பெயரையும் சேர்த்தால் இந்த எண்ணிக்கை மளமளவென்று குறையும், உண்மைதான். ஆனால் முதல் பெயர் அப்படியே பொருந்த வேண்டியதில்லை, சுருக்கப் பெயர் பொருந்தினாலும் போதும் என்று தளர்த்தியவுடன் மறுபடி ஏறத் தொடங்கும். ஒரே பிறந்த நாளில் இரண்டு வில்லியம்ஸ் இருப்பது அபூர்வத் தற்செயல் அல்ல. கணக்குப் போட்டால் முன்கூட்டியே தெரிந்துவிடுகிற விஷயம்.

ஃபர்ஸ்ட் அட்வான்டேஜுக்கும் இது தெரிந்திருந்தது. அந்த இடம்தான் வழக்கின் நரம்பு. பரவலான பெயர்களுக்கென்று அவர்களிடம் தனி நடைமுறையே இருந்தது. பெயரும் பிறந்த தேதியும் மட்டும் பொருந்தினால் போதாது, மூன்றாவதாக ஓர் அடையாளம் தேட வேண்டும். முகவரியோ, ஓட்டுநர் உரிம எண்ணோ, சோஷியல் செக்யூரிட்டி எண்ணோ ஏதாவது ஒன்று. நல்ல விதிதான். ஆனால் மூன்றாவது அடையாளம் கிடைக்காவிட்டால் இரண்டை வைத்தே அறிக்கையை அனுப்பலாம் என்று ஒரு வாசலையும் திறந்து வைத்திருந்தார்கள். ஆபத்து அதிகம் என்று தாங்களே அடையாளம் கண்ட பெயர்களுக்கு, கூடுதல் பாதுகாப்பு கிடைக்காத நேரத்தில், பாதுகாப்பு இல்லாமலேயே போகலாம் என்று பொருள். தெரியாமல் செய்வது ஒன்று. தெரிந்து விதி எழுதி, அந்த விதியைத் தேவைப்படும் நேரத்தில் ஒதுக்கி வைப்பது வேறு.

நிறுவனத்தின் வாதத்தையும் நேர்மையாகச் சொல்லிவிட வேண்டும். தாங்கள் அனுப்பிய சுமார் 35 லட்சம் அறிக்கைகளில், புகார் வந்து திருத்த நேர்ந்தவை 13,000 சொச்சம்தான், வெறும் 0.38 சதவீதம் என்றார்கள். இதைவிடத் துல்லியம் யார் தர முடியும் என்பது அவர்கள் தரப்பு. எடுத்த எடுப்பில் நியாயமாகத்தான் படும். கொஞ்சம் நின்று யோசித்தால், கீழே வைத்து வகுத்த எண் தவறு என்று புரியும். 35 லட்சத்தில் பெரும்பகுதி எந்தக் குற்றப் பதிவும் காட்டாத சுத்தமான அறிக்கைகள். அடுத்தவர் குற்றம் இவர் பேரில் ஏறும் பிழை அவற்றில் இருக்கவே முடியாது. குற்றப் பதிவு காட்டிய அறிக்கைகளை மட்டும் எடுத்து, அவற்றில் எத்தனை தவறு என்று பார்த்திருக்க வேண்டும். அப்புறம், மேலே வைத்த எண்ணிலும் குறை. புகார் செய்தவர்கள் மட்டும்தான் அதில் வருவார்கள். தபால் பழைய முகவரிக்குப் போனவர், படித்தும் புரியாதவர், போராடி என்ன ஆகப்போகிறது என்று வேறு வேலை தேடிப் போனவர் யாரும் அந்தக் கணக்கில் இல்லை. இதையெல்லாம் தள்ளிவிட்டு அவர்கள் எண்ணையே ஏற்றாலும், 13,000 பேரின் வேலை விண்ணப்பத்தில் தப்பான தகவல் போயிருக்கிறது.

ஜூரி வில்லியம்ஸ் பக்கம் நின்றது. சம்பளமும் நற்பெயரும் இழந்ததற்கு 2.5 லட்சம் டாலர் இழப்பீடு, நிறுவனத்தைத் தண்டிக்கும் வகையில் மேலும் 33 லட்சம் டாலர். மேல்முறையீட்டு நீதிமன்றம் முதல் தொகையை அப்படியே விட்டது. நிறுவனம் தெரிந்தே சட்டத்தை மீறியது என்ற ஜூரியின் முடிவையும் விட்டது. இரண்டாவது தொகை மட்டும் இழப்பீட்டைப்போல் 13 மடங்குக்கு மேல் இருந்ததால், அரசியலமைப்பு அனுமதிக்கும் அளவைத் தாண்டியது என்று 10 லட்சமாகக் குறைத்தது. நான்கு மடங்கு. தண்டனைத் தொகைக்கும் இழப்பீட்டுக்கும் உள்ள விகிதம் ஒற்றை இலக்கத்தைத் தாண்டுவது அரிதாகவே நியாயமாகும் என்று உச்ச நீதிமன்றம் 2003இல் சொன்னதிலிருந்து கீழ் நீதிமன்றங்கள் பிடித்துக்கொண்டிருக்கும் அளவுகோல் இது. சட்டப்படி சரியாக இருக்கலாம். ஆனால் லட்சக்கணக்கில் அறிக்கை விற்கும் நிறுவனத்துக்கு அதன் நடைமுறையை மாற்ற வைக்கும் அளவுக்குத் தண்டனை உறைக்க வேண்டும் என்பதே அந்தத் தொகையின் நோக்கம். விகிதத்தை மட்டும் பார்த்தால் நோக்கம் நழுவிப் போகிறது.

தெரிந்தே மீறியது என்ற முடிவுக்கு எவ்வளவு கனம் என்பது, இதற்கு நான்கு வருடம் முன்னால் வந்த இன்னொரு தீர்ப்பைப் பக்கத்தில் வைத்தால் தெரியும். ஸ்மித் எதிர் லெக்ஸிஸ்நெக்ஸிஸ் ஸ்கிரீனிங் சொல்யூஷன்ஸ், ஆறாவது வட்டாரம், 2016. மிச்சிகனில் நடந்தது. பெயரைப் பாருங்கள்: ஸ்மித். அமெரிக்காவில் முதல் இடத்தில் உள்ள குடும்பப் பெயர், 24 லட்சம் பேருக்கு மேல். முதல் பெயரும் குடும்பப் பெயரும் பிறந்த தேதியும் ஒன்றாகவே உள்ள இன்னொரு ஸ்மித்தின் குற்றம் இவர் அறிக்கையில் ஏறியது. நடுப்பெயர் மட்டும் வேறு. நடுப்பெயர் கேட்டு வாங்குவதை லெக்ஸிஸ்நெக்ஸிஸ் கட்டாயமாக்கவில்லை. வந்த வேலை நின்றுபோய், புகார் கொடுத்து, திருத்தம் வந்து, சில வாரம் கழித்து அதே இடத்தில் வேலை கிடைத்தது. ஜூரி 75,000 டாலர் இழப்பீடும், அதற்கு மேல் தண்டனைத் தொகையும் கொடுத்தது. மேல்முறையீட்டில் 75,000 நின்றது. தண்டனைத் தொகை முழுதாகப் போயிற்று. நடுப்பெயரைக் கேட்காமல் விட்டது அலட்சியம், ஆனால் தெரிந்தே செய்த மீறல் என்று சொல்ல ஆதாரம் போதாது என்றது நீதிமன்றம்.

இரண்டு வழக்கிலும் பிழை ஒரே சாதி. பரவலான பெயர், ஒரே பிறந்த நாள், எளிதில் பார்த்திருக்கக்கூடிய ஒரு வித்தியாசம் பார்க்கப்படவில்லை. வில்லியம்ஸுக்கு ஏன் தண்டனைத் தொகை கிடைத்தது, ஸ்மித்துக்கு ஏன் கிடைக்கவில்லை? வில்லியம்ஸ் தன் முதல் புகாரிலேயே நிறுவனத்துக்கு விஷயத்தைத் தெரியப்படுத்தியிருந்தார். அதற்குப் பிறகு அதே தவறு வந்தால் தெரியாது என்று சொல்ல முடியாது. 2007இல் உச்ச நீதிமன்றம் சேஃப்கோ வழக்கில், வேண்டுமென்று செய்வது மட்டுமல்ல, ஆபத்தை அறிந்தும் பொறுப்பில்லாமல் நடப்பதும் தெரிந்தே மீறியதாகும் என்று சொல்லியிருக்கிறது. முதல் புகார்க் கடிதம் இரண்டாவது பிழைக்குச் சாட்சியாக மாறியது.

அப்படியென்றால் முதல் திருத்தம் ஏன் நிலைக்கவில்லை? புகார் செய்யும் பலர் அறியாமல் இருப்பது இதைத்தான். நாம் திருத்தச் சொல்லி அவர்கள் திருத்துவது அந்த ஓர் அறிக்கையை. அடுத்த முதலாளி கேட்டவுடன் புதிதாகத் தேடி, புதிதாகப் பொருத்தி, புதிய அறிக்கை எழுதுகிறார்கள். இந்தப் பாம் பீச் ஆள் இவர் இல்லை என்ற குறிப்பு அந்தத் தேடலோடு கூடப் போகாவிட்டால், அதே விதி அதே பதிவை மறுபடி பிடித்துக்கொண்டு வரும். இன்னொரு சரிபார்ப்பு நிறுவனமாக இருந்தால் கேட்கவே வேண்டாம், அவர்களுக்குப் பழைய திருத்தம் பற்றி எதுவுமே தெரியாது. கடன் அறிக்கைக்கு எக்விஃபாக்ஸ், எக்ஸ்பீரியன், டிரான்ஸ்யூனியன் என்று மூன்று பெரிய இடங்கள். அங்கே திருத்தினால் பெரும்பாலும் தீர்ந்தது. வேலைச் சரிபார்ப்பில் சின்னதும் பெரிதுமாக ஏராளமான நிறுவனங்கள் இருக்கின்றன.

இனி, சட்டம் கொடுக்கும் உரிமைகள் எந்த வரிசையில் வருகின்றன என்று பார்ப்போம். வரிசை முக்கியம், ஏனென்றால் வேலை நழுவுவது இந்த வரிசையின் நடுவில்தான்.

சரிபார்ப்புத் தொடங்கும் முன்பே, அறிக்கை வாங்கப்போகிறோம் என்று முதலாளி தனித் தாளில் எழுதிச் சொல்லி எழுத்தில் சம்மதம் வாங்க வேண்டும். அந்தத் தாளில் வேறு நிபந்தனைகளை நுழைக்கக் கூடாது. உங்கள்மீது வழக்குப் போட மாட்டேன் என்ற வரியை அதே தாளில் சேர்த்த ஒரு நிறுவனம் தெரிந்தே சட்டத்தை மீறியது என்று ஒன்பதாவது வட்டார நீதிமன்றம் 2017இல் சையத் வழக்கில் தீர்ப்பளித்தது.

அடுத்தது மிக முக்கியமானது. 1996இல் செய்த திருத்தம் இது. அறிக்கையைக் காரணமாக வைத்து வேலை மறுக்கப்போகும் முதலாளி, மறுப்பதற்கு முன்பே அந்த அறிக்கையின் பிரதியையும் உரிமைகளின் சுருக்கத்தையும் விண்ணப்பதாரருக்குக் கொடுக்க வேண்டும். மறுத்த பிறகு கொடுத்தால் பயனில்லை, முன்பே கொடுக்க வேண்டும். இது நான் இல்லை என்று சொல்ல ஒரு வாய்ப்பு வேண்டும் என்பதுதான் நோக்கம். எத்தனை நாள் என்று சட்டம் சொல்லவில்லை. ஐந்து வேலை நாட்கள் என்பது நடைமுறையில் பரவலான வழக்கம். இங்கேதான் ஓட்டை. புகாரை விசாரித்து முடிக்கச் சரிபார்ப்பு நிறுவனத்துக்குச் சட்டம் கொடுக்கும் அவகாசம் 30 நாள். இடையில் நாம் கூடுதல் தகவல் கொடுத்தால் இன்னும் 15 நாள் நீளலாம். முதலாளி காத்திருப்பது ஐந்து நாள், திருத்தம் வருவது முப்பது நாளில். அந்த முப்பது நாளும் வேலையைக் காலியாக வைத்திருக்க வேண்டும் என்று முதலாளியை எந்தப் பிரிவும் கட்டாயப்படுத்தவில்லை. ஸ்மித்துக்காக அந்த நிறுவனம் காத்திருந்தது, அவர் அதிர்ஷ்டம். வில்லியம்ஸுக்கு அது வாய்க்கவில்லை.

அதனால் கடிதம் கையில் கிடைத்த அன்றே செய்ய வேண்டியது ஒன்றல்ல, இரண்டு. சரிபார்ப்பு நிறுவனத்துக்குப் புகார் எழுதுவது எல்லாருக்கும் தெரியும். அதே நாளில் முதலாளியின் ஆள்சேர்ப்புப் பிரிவுக்கும் எழுத்தில் சொல்லிவிட வேண்டும்: இந்தப் பதிவு என்னுடையது அல்ல, புகார் கொடுத்திருக்கிறேன், முடிவை நிறுத்தி வையுங்கள் என்று. போனில் பேசினால் ஆதாரம் நிற்காது. மின்னஞ்சல் போதும், தேதி அதிலேயே பதிந்துவிடும்.

புகார்க் கடிதத்தில் இவர் நான் இல்லை என்று மட்டும் எழுதினால் பலம் போதாது. அறிக்கையில் குறித்துள்ள வழக்கு எண்ணை எடுத்து, அந்த கவுண்டி நீதிமன்ற அலுவலகத்திலோ அதன் இணையத் தேடலிலோ மூலப் பதிவைப் பாருங்கள். அதில் நடுப்பெயர் இருக்கலாம், முகவரி இருக்கலாம், உயரமும் எடையும்கூட இருக்கலாம். கைதான தேதியில் நீங்கள் வேறு மாநிலத்தில் வேலை பார்த்திருந்தால் சம்பளச் சீட்டு இருக்கும். குற்றவாளி சிறையில் இருந்த காலத்தில் நீங்கள் வரி கட்டியிருந்தால் அதைவிட நல்ல ஆதாரம் வேண்டியதில்லை. நிறுவனம் செய்யத் தவறிய மூன்றாவது அடையாள ஒப்பீட்டை நாமே செய்து கையில் கொடுப்பது இது. செய்ய வேண்டியவர்கள் அவர்கள்தான், நம் தலையில் விழுவது அநியாயம்தான். இருந்தாலும் 30 நாள் 5 நாளாகச் சுருங்க இதுவே வழி.

வேலை மறுக்கப்பட்டுவிட்டால், மறுத்ததை அறிவிக்கும் கடிதம் தனியாக வர வேண்டும். அதில் எந்த நிறுவனம் அறிக்கை கொடுத்தது என்ற பெயரும் முகவரியும் இருக்கும். அது வந்து 60 நாளுக்குள் கேட்டால் அந்த நிறுவனம் தன்னிடம் உள்ள கோப்பை இலவசமாகக் காட்ட வேண்டும். கேட்டு வாங்குங்கள். திருத்தம் முடிந்த பிறகும், அடுத்த விண்ணப்பத்துக்கு முன் மறுபடியும் வாங்கிப் பாருங்கள். வில்லியம்ஸ் கதையின் பாடம் இதுதான்.

ஆள் மாறுவது மட்டுமே பிழை என்று எண்ணிவிட வேண்டாம். தள்ளுபடியான வழக்கு இன்னும் நிலுவையில் இருப்பதுபோல் வரும். யாரும் பார்க்கக் கூடாது என்று நீதிமன்றம் மூடி முத்திரையிட்ட பதிவு பழைய தரவிலிருந்து எட்டிப்பார்க்கும். கைது, குற்றச்சாட்டு, தீர்ப்பு என்று ஒரே வழக்கு மூன்று வரியில் வந்து மூன்று குற்றம்போல் தோன்றும். தண்டனையில் முடியாத கைதுப் பதிவை ஏழு வருடம் கழித்துக் காட்டக் கூடாது என்று சட்டம் சொல்கிறது. ஆண்டுக்கு 75,000 டாலரோ அதற்கு மேலோ சம்பளம் உள்ள வேலைக்கு அந்த வரம்பு கிடையாது. தண்டனைத் தீர்ப்புக்கோ கூட்டாட்சிச் சட்டத்தில் கால வரம்பே இல்லை, சில மாநிலங்கள்தான் தனியாக வைத்திருக்கின்றன.

நம் ஊர்ப் பெயர்களோடு அமெரிக்கா போனவர்களுக்கு இன்னொரு விதத்தில் சிக்கல் வரும். டிகிரி சான்றிதழில் இனிஷியல், பாஸ்போர்ட்டில் அப்பா பெயர் முழுசாக, விசாவிலோ முதல் பெயர் இருக்க வேண்டிய இடத்தில் எஃப்என்யு என்று மூன்று எழுத்து, முதல் பெயர் தெரியவில்லை என்பதன் ஆங்கிலச் சுருக்கம். பெயர் ஒற்றைச் சொல்லாக இருந்தால் அப்படித்தான் அச்சிடுகிறார்கள். மூன்று ஆவணத்தில் மூன்று பெயர். பல்கலைக்கழகத்தில் கேட்டால் இந்தப் பெயரில் மாணவர் இல்லை என்று பதில் வரலாம், அறிக்கையில் படிப்பைச் சரிபார்க்க இயலவில்லை என்று விழலாம். படிப்பு, வேலை அனுபவம் பற்றிய பிழையும் இதே சட்டத்துக்குள்தான் வருகிறது, இதே முறையில் புகார் செய்யலாம். சம்மதப் படிவத்தை நிரப்பும்போதே எல்லா வடிவத்திலும் பெயரை எழுதிக் கொடுத்துவிடுவது பின்னால் பல நாள் அலைச்சலை மிச்சப்படுத்தும்.

அரசு அமைப்புகள் இந்தத் துறையைத் தொடாமல் இல்லை. ஹயர்ரைட் என்ற சரிபார்ப்பு நிறுவனம் 2012இல், வணிக முறைகேடுகளைக் கண்காணிக்கும் அரசு அமைப்பான ஃபெடரல் டிரேட் கமிஷனுக்கு 26 லட்சம் டாலர் அபராதம் கட்டியது. ஜெனரல் இன்ஃபர்மேஷன் சர்வீசஸ் நிறுவனமும் அதன் துணை நிறுவனமும் சேர்ந்து 105 லட்சம் டாலரைப் பாதிக்கப்பட்டவர்களுக்கும் 25 லட்சம் டாலரை அபராதமாகவும் தர வேண்டும் என்று நுகர்வோர் நிதிப் பாதுகாப்பு அமைப்பு 2015இல் உத்தரவிட்டது. அதே அமைப்பு 2021 நவம்பரில், பெயரை மட்டும் வைத்துப் பொருத்துவது நியாயமான நடைமுறை ஆகாது என்று தெளிவாக எழுதியது. முத்திரையிட்டு மூடிய பதிவுகள், இரட்டிப்புப் பதிவுகள் பற்றியும் 2024 ஜனவரியில் எழுதியது. 2025 மே மாதம் 67 வழிகாட்டல் ஆவணங்களை மொத்தமாகத் திரும்பப் பெற்றபோது இவையும் அதில் போய்விட்டன. எனக்கு இது வருத்தம் தருகிற விஷயம். ஆனால் போனது விளக்கம்தான். 607(பி) அப்படியே இருக்கிறது, வில்லியம்ஸ் தீர்ப்பும் இருக்கிறது.

கூடவே 2021 ஜூனில் உச்ச நீதிமன்றம் சொன்ன டிரான்ஸ்யூனியன் எதிர் ராமிரெஸ் தீர்ப்பு. பெயரை மட்டும் பொருத்திப் பயங்கரவாதிகள், போதைக் கடத்தல்காரர்கள் பட்டியலில் இருக்கலாம் என்று 8,185 பேரின் கோப்பில் குறித்திருந்தார்கள். அந்தக் குறிப்பு வெளியே அனுப்பப்பட்ட 1,853 பேர் மட்டுமே இழப்பீடு கேட்கலாம், மற்றவர்கள் கோப்பில் பிழை சும்மா கிடந்ததால் தீங்கில்லை என்றது நீதிமன்றம். ஆகவே கூட்டாட்சி நீதிமன்றத்துக்குப் போக நினைப்பவர், தவறான அறிக்கை யாருக்கு, எந்தத் தேதியில் போனது என்று காட்ட வேண்டும். முதலாளி அனுப்பிய கடிதமும் அறிக்கைப் பிரதியும் தூக்கிப் போடக் கூடாதவை.

வழக்குப் போட அவகாசம், மீறலைக் கண்டுபிடித்ததிலிருந்து இரண்டு வருடம், அல்லது மீறல் நடந்ததிலிருந்து ஐந்து வருடம், எது முன்னால் வருகிறதோ அது. அலட்சியம் என்று நிரூபித்தால் உண்மையான நட்டம் கிடைக்கும். தெரிந்தே செய்தது என்று நிரூபித்தால், நட்டத்தை டாலரில் காட்ட முடியாதபோதும் 100 முதல் 1,000 டாலர் வரை சட்டமே நிர்ணயித்திருக்கிறது, தண்டனைத் தொகை தனி. இரண்டிலுமே வென்றால் வக்கீல் கட்டணத்தை எதிர்த்தரப்பு கட்ட வேண்டும். வேலை இழந்து நிற்கும் ஒருவரின் வழக்கை முன்பணம் வாங்காமல் எடுத்துக்கொள்ளும் நுகர்வோர் வக்கீல்கள் அமெரிக்காவில் இருப்பது இந்த ஒரு விதியால்தான். முதல் சந்திப்பில் அவர்கள் கேட்பது மூன்று தாள்: அறிக்கையின் பிரதி, முதலாளியின் கடிதம், தேதியோடு நீங்கள் அனுப்பிய புகார்.